பூஜி மலையில் மூன்று ஜோடி பூட்ஸ்

1

ரங்கூனில் என் போன்றவர்களுக்கு வருஷப் பிறப்பு இரண்டு முறை வரும். ஒன்று சித்திரையில், ஊரே ஒருவர் தலையில் ஒருவர் தண்ணீர் ஊற்றிக் கொண்டாடுவது. மற்றது அந்நியர் பதிவு அட்டையைப் புதுப்பிக்கும் நாள். இந்த இரண்டாவதற்கும் நான் குளித்து, விபூதி பூசி, நல்ல சட்டை போட்டுக்கொண்டுதான் கிளம்புவேன். விடியும்போதே வரிசையில் நின்றுவிட்டால் மத்தியானத்துக்குள் ஜன்னலை எட்டிவிடலாம். நடுவில் பசித்தால் பின்னால் நிற்பவரிடம் சொல்லிவிட்டு ஓடிப்போய் ஒரு கிண்ணம் மொஹிங்கா சாப்பிட்டு வரலாம். மீன் குழம்பில் ஊறிய அரிசிச் சேமியா என்று வைத்துக்கொள்ளுங்கள். பதினோரு வயதில் அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டு கப்பலிலிருந்து இறங்கியவன் நான். இப்போது தலையில் பாதி நரைத்துவிட்டது, அட்டையில் மட்டும் இன்னும் 'அந்நியர்' என்றே இருக்கிறது.

பிரஜா உரிமைக்கு மனுப் போட்டுப் பல வருஷம் ஆயிற்று. என் அப்பாவின் பிறப்புச் சான்றிதழ் வேண்டும் என்றார்கள். புதுக்கோட்டைப் பக்கம் ஒரு கிராமத்தில் அவர் பிறந்ததற்கு அவரே சாட்சி, அவரும் போய்ச் சேர்ந்துவிட்டார். துறைமுகத்தில் அவர் வேலை பார்த்த சீட்டு, பேட்டைப் பெரியவரின் கடிதம், அம்மை குத்திய சான்று என்று கையில் கிடைத்ததையெல்லாம் கொடுத்தேன். கொடுத்ததையெல்லாம் வாங்கிக்கொண்டார்கள். என் பைல் என்னைவிட வேகமாகப் பருத்துக்கொண்டு வந்தது.

இந்த வருஷம் ஜன்னலை எட்டியதும் குமாஸ்தா அட்டையை வாங்காமல், "உள்ள போ, ஸயா கூப்பிடறார்" என்றான். வாத்தியார், வைத்தியர், அதிகாரி எல்லோருக்கும் இங்கே 'ஸயா' என்கிற ஒரே மரியாதைதான். இங்கே எழுதும் பேச்சு முக்கால்வாசி பர்மிய மொழியில் நடந்தது, உங்களுக்காக நம் பேச்சில் தருகிறேன்.

அதிகாரி என் பைலிலிருந்து மெல்லிய ஒரு தாளை இரண்டு விரலால் தூக்கிப் பிடித்தார். மேலிருந்து கீழாக ஜப்பான் எழுத்து, ஓரத்தில் சிவப்பு முத்திரை.

"இது என்னா?"

"ஜப்பான் பேப்பருங்க, ஸயா."

"அது எனக்கும் தெரியுது. போலீஸ் முத்திரைங்கறாங்க. அங்க உன் மேல கேஸ் ஏதும் இருந்துச்சா?"

இரண்டு வருஷத்துக்கு முன் ஜப்பானிலிருந்து திரும்பியபோது என் பயணத்தாளை ஒப்படைத்தேன். அதன் மடிப்புக்குள் இருந்த இந்தத் தாளும் சேர்ந்து போய்விட்டது. அப்போதே கேட்டு வாங்கியிருக்க வேண்டும். பொறுப்பாக வைத்திருப்பார்கள் என்று விட்டுவிட்டேன், அவர்களும் பொறுப்பாகத்தான் வைத்திருக்கிறார்கள்.

"கேஸ் இல்லீங்க, ஸயா. அது பூட்ஸ் சமாச்சாரம்."

"பூட்ஸ் திருடினியா?"

"இல்லீங்க. என் பூட்ஸ்தான்."

அவர் தாளை மறுபடி பைலில் வைத்தார். "வெளிநாட்டுப் போலீஸ் கேஸ் இருந்தா மனு தள்ளுபடி. அப்புறம் போட முடியாது. இல்லேன்னா இல்லேன்னு காட்டு. வியாழக்கிழமை வா. எழுத்துல விளக்கம் கொண்டா, சாட்சி கொண்டா."

2

எங்கள் வீடு ரங்கூனில் பசுந்தாங் பேட்டையில், மூன்றாம் மாடி. படி ஏறும்போதே காமாட்சி என் முகத்தைப் பார்த்துவிட்டாள்.

"என்னாங்க, அட்டை போடலியா?"

சொன்னேன். அவள் இந்த ஊரிலேயே பிறந்தவள், தமிழ்நாட்டைக் கண்ணால் பார்த்ததில்லை. என் மனுவில்தான் அவள் பெயரும் மகள் பெயரும் இருக்கின்றன. மனு போனால் மூன்று பேருக்கும் போயிற்று. முறத்தைக் கீழே வைத்துவிட்டுச் சுவரில் சாய்ந்துகொண்டாள்.

"அந்த மலைக்குப் போவாதீங்கன்னு அப்பவே சொல்லியிருந்தா கேட்டிருப்பீங்களா?"

"அப்ப நீ இங்க இருந்தே, நான் அங்க இருந்தேன். எப்படிச் சொல்வே?"

"மனசுல சொல்லியிருப்பேன்" என்றாள்.

எழுத்தில் விளக்கம் என்றார்களே, அதற்கு என் மகள் வள்ளிதான் கதி. பள்ளிக்கூடத்தில் அவள் பெயர் மா தந்தா. நான் தமிழில் கேட்டால் அவள் பர்மியில் பதில் சொல்வாள். அவள் பர்மியில் கேட்டால் நான் இரண்டையும் கலந்து சொல்வேன். எனக்குச் சந்தையிலும் தொழிற்சாலையிலும் பேசுகிற பர்மி வரும், சர்க்காருக்கு எழுதுகிற பர்மி வராது. நான் சொல்லச் சொல்ல அந்தப் பதின்மூன்று வயதுப் பெண் வட்ட வட்டமாக எழுதிக்கொண்டு போனாள். 'ஜப்பான் நாட்டு மலையில் காலணி கழற்றியது பற்றிய பணிவான விளக்கம்' என்று தலைப்பும் அவளே வைத்தாள். எனக்குப் பெருமையாக இருந்தது. அப்பா தமிழில் எழுதினால் அவளுக்கு ஒரு வரி படிக்க வராதே என்று வருத்தமாகவும் இருந்தது. இரண்டும் ஒரே நேரத்தில் வந்ததால் எதைக் காட்டுவது என்று தெரியாமல் இன்னொரு தாள் எடுத்துக் கொடுத்தேன்.

அவள் எழுதிய விளக்கத்தைத்தான் இனி என் பாணியில் உங்களுக்குச் சொல்லப்போகிறேன்.

3

நான் இன்சீன் பக்கம் பம்பு செட் பூட்டும் ஒரு தொழிற்சாலையில் மேஸ்திரி. பம்புகள் ஜப்பானிலிருந்து பாகம் பாகமாக வரும், நாங்கள் பூட்டி அனுப்புவோம். நாங்கள் பூட்டியதில் சில தண்ணீர் இறைக்காமல் காற்றை இறைத்ததால், மூன்று பேரை நாலு மாதம் அங்கே அனுப்பிப் பழக்குவது என்று முடிவாயிற்று. ஒருவர் எங்கள் போர்மேன் ஊ போ தின். 'ஊ' என்றால் பெரியவர். அடுத்தவன் கோ மியிண்ட். 'கோ' என்றால் அண்ணன் தம்பி மாதிரி. மூன்றாவது நான்.

அவர்கள் இருவருக்கும் பாஸ்போர்ட் வந்தது. எனக்கு வரவில்லை. இந்தியப் பாஸ்போர்ட் எடுத்தால் மனு செத்துப்போகும், பர்மியப் பாஸ்போர்ட் எடுக்க மனு இன்னும் பிறக்கவில்லை. கடைசியில் தொழிற்சாலைக்காரர்கள் அலைந்து ஒற்றைத்தாள் பயணச்சீட்டு ஒன்று வாங்கிக் கொடுத்தார்கள். அதில் 'தேசம்' என்ற இடத்தில் 'விசாரணையில்' என்று எழுதியிருந்தது. டோக்கியோவில் இறங்கியதும் அங்கிருந்த அதிகாரி அதை முன்னும் பின்னும் திருப்பிப் பார்த்துவிட்டு, பாவம், எனக்கு எழுந்து நின்று வணக்கம் சொல்லி அனுப்பினார்.

கடைசி ஞாயிற்றுக்கிழமை எங்களைப் பூஜி மலைக்குக் கூட்டிப்போனார்கள். காலண்டரில் பார்த்திருப்பீர்களே, தலையில் பனி சுமந்துகொண்டு உட்கார்ந்திருக்கும், அதுதான். எங்களுக்குப் பொறுப்பான தனகா என்ற இளைஞர் தொழிற்சாலையின் சின்ன வேனைத் தாமே ஓட்டி வந்தார். ரங்கூன் பெண்கள் சந்தனம்போல முகத்தில் பூசிக்கொள்ளும் பட்டைக்கும் தனக்கா என்றுதான் பெயர். கோ மியிண்ட் அவரைக் கூப்பிடும்போதெல்லாம் கன்னத்தைத் தடவிக்கொள்வான். வழியெல்லாம் கடற்பாசி சுற்றிய சோற்று உருண்டை தின்றுகொண்டு போனோம். ஊ போ தின் மட்டும் ரங்கூனிலிருந்து பாட்டிலில் கொண்டுவந்த கருவாட்டுப் பொடியைத் தூவித் தின்றார். அந்த வாசனைக்கு வேன் கண்ணாடிகள் தாமாகவே திறந்துகொண்டன என்று சொல்லும்படி தனகா அத்தனை கண்ணாடிகளையும் இறக்கிவிட்டார்.

மலையடிவாரம் வந்துவிட்டது, மலையைக் காணோம். எங்கும் மேகம். தனகா வேனை நிறுத்தி இறங்கி, தலை குனிந்து, மேகத்துக்காக எங்களிடம் மன்னிப்புக் கேட்டார். மேகத்தைத் தாம்தான் சரியாக ஏற்பாடு செய்யவில்லை என்பதுபோல அவருக்கு அவ்வளவு வருத்தம். பிறகு, "நீங்கள் முன்னால் நடங்கள், நான் வேனை ஓரமாக விட்டுவிட்டு வருகிறேன்" என்று இங்கிலீஷும் சைகையுமாகச் சொல்லிப் போனார்.

எங்களுக்கு முன்னால் இரண்டு தூண், மேலே இரண்டு உத்தரம் என்று ஒரு சிவப்பு மர வாசல். அதற்கப்புறம் கல் விளக்குகள், கை கழுவத் தண்ணீர்த் தொட்டி, வானத்தை முட்டுகிற மரங்கள், நடுவில் மேலே ஏறும் பாதை. நாங்கள் மூன்று பேரும் நின்றுவிட்டோம்.

இதைப் பார்த்தால் உங்களுக்கு என்ன தோன்றும்? பழனி அடிவாரத்தில் செருப்போடு படியில் கால் வைப்பீர்களா? ரங்கூனில் ஷ்வேடகோன் பகோடா வாசலிலும் அதே சட்டம்தான். குன்றின் அடியிலேயே கழற்றிவிட வேண்டும், ராஜாவானாலும் சரி. நான் யோசிக்கவே இல்லை. ஒரு கல்லில் உட்கார்ந்து பூட்ஸ் கயிற்றை அவிழ்க்க ஆரம்பித்துவிட்டேன். ஊ போ தின் என்னைப் பார்த்துத் தலையாட்டிவிட்டுத் தாமும் உட்கார்ந்தார். கோ மியிண்ட் அதற்குள் ஒரு காலைக் கழற்றியிருந்தான். ஜப்பானில் யாரும் திருடமாட்டார்கள் என்று கேள்விப்பட்டிருந்ததால் கையில் தூக்கிக்கொண்டு போகவில்லை. மூன்று ஜோடியையும் வாசலுக்கு ஓரமாக வரிசையாக வைத்து, காலுறைகளை மடித்து உள்ளே சொருகினோம். தொழிற்சாலை கொடுத்த பூட்ஸ், மரியாதையாக வைக்க வேண்டுமல்லவா?

முதலில் ஈர மண், நன்றாகத்தான் இருந்தது. கொஞ்ச நேரத்தில் கறுப்புச் சரளை ஆரம்பித்தது. அது எரிமலை கக்கியதாம், பொரித்த கடலைபோல இலேசு, உடைந்த ஓடுபோலக் கூர்மை. குளிர் வேறு. கால் எங்கே இருக்கிறது என்று குனிந்து பார்த்துத்தான் தெரிந்துகொள்ள வேண்டியிருந்தது. தடித்த பூட்ஸும் கைத்தடியுமாக இறங்கி வந்த ஜப்பான்காரர்கள் எங்கள் முகத்தைப் பார்த்தார்கள், காலைப் பார்த்தார்கள், ஒதுங்கி வழிவிட்டார்கள். வயதான ஓர் அம்மாள் எங்களைத் துறவிகள் என்று நினைத்தாளோ என்னவோ, கை கூப்பி வணங்கி ஆளுக்கு ஓர் ஆரஞ்சு கொடுத்தாள்.

"ஸயா, கால் போயிருச்சு" என்றான் கோ மியிண்ட்.

"கால் போனா போவட்டும், புண்ணியம் வருது" என்றார் ஊ போ தின். ஆனால் அவர் குரலும் பல்லோடு சேர்ந்து தாளம் போட்டது.

ஒரு மணி நேரம் ஏறியிருப்போம். மரங்கள் குட்டையாகிக்கொண்டு வந்த ஓரிடத்தில் காற்று ஒரு வீசு வீசிற்று. மேகம் இரண்டாகப் பிரிந்தது. மலை அங்கே, எங்கள் தலைக்கு மேலேயே இருந்தது. அவ்வளவு பெரியதை அவ்வளவு கிட்டத்தில் நான் பார்த்ததில்லை. 'முருகா' என்று என்னை அறியாமல் வாய்விட்டுச் சொன்னேன். ஊ போ தின் அப்படியே சரளையில் மண்டியிட்டுக் கும்பிட்டார். என் வாழ்க்கையில் மிகச் சந்தோஷமாக இருந்த நேரங்களை எண்ணச் சொன்னால் அதைக் கட்டாயம் சேர்ப்பேன்.

தனகா அப்போதுதான் மூச்சிரைக்க ஓடி வந்தார். வேறு பாதையில் போய்த் தேடிவிட்டு வருகிறாராம். எங்கள் கால்களைப் பார்த்ததும் அவர் முகம் வெளுத்தது. யாரோ திருடிவிட்டார்கள் என்று நினைத்துக்கொண்டார். நாங்களே கழற்றினோம் என்று நான் வெகு நேரம் விளக்கினேன். அவர் கேட்டுவிட்டு, உட்கார்ந்து தம் பூட்ஸையும் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டார். விருந்தாளி வெறுங்காலோடு நிற்கத் தாம் மட்டும் பூட்ஸோடு நிற்பது அவர்களிடம் மரியாதைக் குறைவு போலும். நாலு பேரும் நொண்டி நொண்டி இறங்கினோம்.

4

வாசலுக்கு வந்தால் பூட்ஸ் இல்லை. மூன்று ஜோடியும் இல்லை. உறைகூட இல்லை.

அங்கிருந்த கடைக்காரரிடம் தனகா விசாரித்தார். அவர் எங்களைக் கண்டதும் கையிலிருந்த தட்டை வைத்துவிட்டுப் பக்கத்திலிருந்த போலீஸ் சாவடிக்கு ஓடினார். சாவடியிலிருந்து ஒரு போலீஸ்காரர் ஓடி வந்தார். எங்களை ஒன்று, இரண்டு, மூன்று என்று விரலால் எண்ணினார். எண்ணி முடித்ததும் தொப்பியைக் கழற்றிவிட்டு முகத்தைத் துடைத்துக்கொண்டார். வயதானவர், கண் கலங்கியிருந்தது. எனக்கு ஒன்றும் புரியவில்லை.

தனகா தாழ்ந்த குரலில் விளக்கினார். அந்த நாட்டில் உயிரை மாய்த்துக்கொள்ளப் போகிறவர்கள் காலணியைக் கழற்றி, அழகாக வரிசையாக வைத்துவிட்டுப் போவது வழக்கமாம். உறையை மடித்து உள்ளே சொருகியிருந்ததைப் பார்த்ததும் கடைக்காரருக்குச் சந்தேகமே இல்லாமல் போயிற்றாம். மேலே கயிறும் ஸ்ட்ரெச்சருமாக ஆட்கள் எங்களைத் தேடிக்கொண்டிருந்தார்கள். நாங்கள் ஆரஞ்சு உரித்துக்கொண்டு இறங்கி வந்திருக்கிறோம்.

எனக்கு வெட்கம் பிடுங்கித் தின்றது. ஊ போ தின் அந்தப் போலீஸ்காரரின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு பர்மியிலேயே மன்னிப்புக் கேட்டார். அவர் ஜப்பானியில் பரவாயில்லை என்றார். இருவரும் ஒருவருக்கொருவர் நன்றாகப் புரிந்துகொண்டார்கள்.

சர்க்கார் அங்கேயும் சர்க்கார்தானே. பூட்ஸைத் திரும்ப வாங்க ஒரு பாரம் நிரப்ப வேண்டியிருந்தது. பெயர், வயது, பூட்ஸ் அளவு, எதற்காகக் கழற்றினீர்கள், எந்த தேசம். போலீஸ்காரர் கேட்க, தனகா மொழிபெயர்க்க, ஊ போ தின் எங்கள் மூவருக்கும் சேர்த்துப் பதில் சொன்னார். ஆளுக்கொரு நகல் கொடுத்தார்கள். கூடவே சூடாகத் தேநீரும் கொடுத்து, பூட்ஸை எங்கள் காலருகே வைத்துவிட்டு, நாங்கள் கயிறு கட்டி முடிக்கும்வரை அந்தப் போலீஸ்காரர் அசையாமல் பார்த்துக்கொண்டு நின்றார்.

5

வியாழக்கிழமை வந்தது. ஊ போ தின்னும் கோ மியிண்டும் பாதி நாள் லீவு போட்டுக்கொண்டு வந்தார்கள். அதிகாரி வள்ளி எழுதியதை முதலிலிருந்து கடைசிவரை படித்தார், முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. பிறகு மணியடித்து, ரிக்கார்டு அறையிலிருந்து ஒரு கிழக் குமாஸ்தாவை வரவழைத்தார். யுத்த காலத்தில் இங்கே ஜப்பான்காரர்கள் நடத்திய பள்ளிக்கூடத்தில் படித்தவராம். அவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, எழுத்துக்கூட்டி எழுத்துக்கூட்டிப் பர்மியில் சொல்லிக்கொண்டு வந்தார்.

"ஆண்கள் மூன்று பேர். பூட்ஸ் மூன்று ஜோடி. உறையோடு. தேடுதல் நடந்தது. மூவரும் உயிரோடு கிடைத்தார்கள்." கிழவர் நிறுத்திவிட்டு எங்களைக் கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார். "கழற்றியதற்குக் காரணம்: மலை என்பதால்."

பக்கத்து மேஜையில் யாரோ சிரிப்பை அடக்கினார்கள். எனக்கு மூச்சு வந்தது. கிழவர் மேலே படித்தார்.

"தேசம்: பர்மா. மூவரும்."

அதிகாரி நிமிர்ந்து உட்கார்ந்தார். "மூவருமா?"

"மூவரும்னுதான் இருக்கு."

"கோ சண்முகம், உன் பயணத்தாள்ல 'விசாரணையில்'னு போட்டிருக்கு. இங்க நாங்க இன்னும் ஒண்ணும் முடிவு செய்யல. நீ வெளிநாட்டுப் போலீஸ்கிட்ட பர்மான்னு எழுதிக் கொடுத்திருக்க. பொய் வாக்குமூலம்னு இதுக்குப் பேர். தெரியுமா?"

ஒரு குழியிலிருந்து ஏறி இன்னொன்றில் விழுந்தேன். அன்று ஊ போ தின் என்ன சொன்னார், தனகா என்ன எழுதினார் என்று நான் கவனிக்கவே இல்லை. காமாட்சி வீட்டில் சாமி விளக்கை ஏற்றி வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாளே, அவளிடம் போய் என்ன சொல்வது என்றுதான் நினைத்தேன்.

"அவன் சொல்லல, ஸயா. நான் சொன்னேன்" என்றார் ஊ போ தின்.

"நீங்க ஏன் சொன்னீங்க?"

"அந்தப் போலீஸ்காரர் எங்க பொணத்தைத் தேட ஆள் அனுப்பிட்டு ரெண்டு மணி நேரமாக் காத்துக்கிட்டு நிக்கறார். கண்ணுல தண்ணி. எந்த ஊருன்னு கேக்கறார். ரெண்டு பேர் பர்மா, மூணாவது ஆளு இன்னும் விசாரணையிலன்னு அவருகிட்ட எப்படிச் சொல்றது?" அவர் என்னைக் கைகாட்டினார். "அதோட, மொதல்ல கழட்டினது இவன்தான். இவனைப் பாத்துட்டுத்தான் நான் கழட்டினேன். எழுதிக்கோங்க."

அதிகாரி என் பக்கம் திரும்பினார். "அது புத்தர் கோயிலும் இல்ல, உங்க கோயிலும் இல்ல. வேற யாரோ ஊர் மலை. கழட்டச் சொல்லி யாரும் சொல்லல. நீ ஏன் கழட்டினே?"

நான் வழியெல்லாம் ஒத்திகை பார்த்து வந்த நல்ல பர்மி வாக்கியங்கள் எதுவும் வரவில்லை. "தெரியலீங்க ஸயா. வாசலைப் பார்த்தேன், கழட்டிட்டேன். பதினோரு வயசிலேருந்து இங்க அப்படித்தான் பண்றேன்."

அவர் ஜப்பான் தாளின்மேல் ஏதோ எழுதிக் கையெழுத்துப் போட்டார். பைலை மூடிக் கயிறு கட்டி, இடப்பக்க அடுக்கிலிருந்து எடுத்து வலப்பக்க அடுக்கில் வைத்தார்.

"அடுத்த வருஷம் ஜன்னலுக்கு வராதே."

எனக்குப் புரியவில்லை. மனு போயிற்றா என்று கேட்டேன்.

"சத்தியப் பிரமாணத்துக்குக் கடிதம் வரும். பெண்சாதியையும் கூட்டிக்கிட்டு வா" என்றார். அப்போதுதான் அவர் சிரித்தார். "பூட்ஸ் போட்டுக்கிட்டு வரலாம்."

வெளியே வந்ததும் கோ மியிண்ட் என்னைத் தூக்கப் பார்த்தான், முடியவில்லை. தேநீர்க்கடையில் உட்கார்ந்து மூன்று பேரும் அர்த்தமில்லாமல் சிரித்தோம். வீட்டில் காமாட்சி கேட்டுவிட்டு அழுதாள், பிறகு அரிசி களைய எழுந்து போனாள். வள்ளி தன் விளக்கத்தைப் படித்து அதிகாரி எந்த இடத்திலாவது சிரித்தாரா என்று திரும்பத் திரும்பக் கேட்டாள். அந்த ஒரு தடவை தமிழிலேயே கேட்டாள்.

கடிதம் மூன்று வாரத்தில் வந்தது, பிரமாணமும் ஆயிற்று. அன்று சாயங்காலம் ஊரில் இருக்கும் என் தம்பிக்கு எழுத உட்கார்ந்தேன். எப்போது வருவாய், எப்போது வருவாய் என்று தீபாவளிக்குத் தீபாவளி கேட்கிறவன் அவன். வருகிற தை மாதம் வருகிறேன் என்று சந்தோஷமாக ஆரம்பித்தேன். மூன்றாவது வரிக்கு வந்தபோது பேனா நின்றுவிட்டது. கொஞ்ச நேரம் கழித்துத்தான் இப்படி எழுத முடிந்தது: 'தம்பி, சென்னைத் துறைமுகத்தில் கப்பல் நின்றதும் நம் ஜனங்கள் இறங்கும் பக்கம் என்னைத் தேடாதே. அந்நியர் என்று தனியாக ஒரு வரிசை இருக்கும். நான் அதில் நிற்பேன்.'